எல்லைக் கல்லும் எதிர்த் தரப்பும்

(முன்னாள் மாணவர் சங்கத்தின் ஒன்றுகூடல் விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



"பீங்கான் தொழில்நுட்பம் படிச்சவன் எப்படிய்யா வக்கீலாப் போனே?" என்று ஒவ்வொரு கூட்டத்திலும் யாராவது ஒருவர் கேட்காமல் இருப்பதில்லை. அதற்கு என்னிடம் ஒரே பதில்தான். அன்றைக்கும் மண், இன்றைக்கும் மண். அப்போது பிசைந்தேன், இப்போது அதற்காக வாதாடுகிறேன். விருத்தாசலத்தைச் சுற்றியிருக்கும் கிராமங்களிலிருந்து என்னிடம் வருகிறவர்களில் பாதிப் பேர் கொண்டு வருவது வரப்புத் தகராறு. ஆகவே சங்கச் செயலாளர் "எல்லாருக்கும் பயன்படற மாதிரி ஏதாவது பேசுங்க" என்று கேட்டபோது, இதைவிடப் பொருத்தமான விஷயம் எனக்குத் தோன்றவில்லை.

நம்மவர்களுக்கு ஒரு கணக்கு தெரியும். அச்சில் வார்க்கும்போது சாமான் ஓர் அளவு இருக்கும். காய்ந்ததும் ஓர் அளவு. சூளையிலிருந்து எடுத்தால் இன்னோர் அளவு. சுருக்கத்துக்குத் தகுந்தபடி அச்சைப் பெரிதாகச் செய்ய வேண்டும் என்பது முதல் வருஷப் பாடம். நிலம் சுருங்காது. ஆனால் ஒரே நிலத்துக்குப் பத்திரத்தில் ஓர் அளவு, பட்டாவில் ஓர் அளவு, புலப்படத்தில் ஓர் அளவு, தரையில் வரப்பு காட்டும் அளவு வேறொன்று. சூளைச் சுருக்கத்துக்குக் கணக்கு உண்டு. இந்தச் சுருக்கத்துக்குக் கணக்கு கிடையாது, விசாரணைதான் உண்டு. அந்த விசாரணை எப்படி நடக்கவேண்டும் என்பதுதான் இன்றைய என் பேச்சு.

எல்லை போடுவது நமக்குப் புதிதல்ல. சோழர் காலத்துச் செப்பேடுகளைப் படித்தால், ஒரு நிலத்தைத் தானமாகக் கொடுக்கும்போது பெண் யானையை நடக்கவிட்டு எல்லையைச் சுற்றி வந்து, கல்லும் கள்ளியும் நட்ட விவரம் வருகிறது. யானை எதற்கு என்று யோசித்துப் பாருங்கள். அது நடந்தால் ஊருக்கே தெரியும். அதோடு நாட்டாரும் அதிகாரிகளும் கூடவே நடந்தார்கள். எல்லை என்பது ஒருவர் ரகசியமாகக் குறித்துக்கொள்கிற விஷயம் அல்ல, பலர் பார்க்க நடக்கவேண்டிய விஷயம் என்ற அறிவு அன்றைக்கே இருந்திருக்கிறது.

நியாயமான விசாரணைக்கும் நாம் வெளியூரில் போய் உதாரணம் தேடவேண்டாம். பழைய தென்னாற்காடு மாவட்டத்திலேயே இருக்கிறது. இன்றைக்கு விழுப்புரம் மாவட்டத்தில் இருக்கிற திருவெண்ணெய்நல்லூரில், பெரியபுராணம் சொல்லும் வழக்கு ஒன்று நடந்தது. சுந்தரரைத் தமக்கு அடிமை என்று உரிமை கொண்டாடி ஒரு கிழவர் ஓலையோடு வருகிறார். வாதி யார்? சாட்சாத் சிவபெருமான். அப்படியிருந்தும் சபையார் அவர் சொன்னதை அப்படியே எடுத்துக்கொள்ளவில்லை. ஆவணம் எங்கே என்றார்கள். படி ஓலையைச் சுந்தரர் கிழித்துவிட்டதால் மூல ஓலை வந்தது. அதில் இருப்பது சுந்தரருடைய பாட்டனாரின் கையெழுத்துத்தானா என்று, அவர் எழுதிய வேறோர் ஓலையைக் கொண்டுவரச் செய்து ஒப்பிட்டார்கள். பிறகுதான் தீர்ப்பு. சுந்தரர் வழக்கில் தோற்றார். ஆனால் கேட்காமல் தோற்கடித்தார்கள் என்று அவரால் சொல்ல முடியாது.

இதற்கு நேர்மாறான வழக்கு மதுரையில் நடந்தது. பொற்கொல்லன் ஒருவன் சொன்னதைக் கேட்டான் பாண்டியன். கோவலனை அழைத்து, "உன் பக்கம் என்ன?" என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. விளைவு நமக்குத் தெரியும். கண்ணகி அரசவைக்குப் போய் வைத்தது ஒரு மேல்முறையீடு என்றே நான் சொல்வேன். சிலம்பை உடைத்துக் காட்டினாள், அதற்குள் மாணிக்கப் பரல் இருந்தது. அந்தச் சாட்சியம் முன்னாலும் இருந்ததுதான். கேட்க ஆள்தான் இல்லை.

இனி நம் காலத்துக்கு வருவோம். இங்கே இருக்கிற மூத்தவர்களுக்கு 'யு.டி.ஆர்.' என்ற மூன்றெழுத்து ஞாபகம் இருக்கும். 1979-ல் தொடங்கி 1987 வரை தமிழ்நாடு முழுவதும் நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டுத் திட்டம் அது. பழைய பதிவேடுகளில் இருந்த பெயர்களை எடுத்து, உண்மையில் அனுபவத்தில் இருப்பவர் பெயரைச் சேர்த்து, ஏக்கர் சென்டை ஹெக்டேர் ஏர் கணக்குக்கு மாற்றினார்கள். ஓர் ஏர் என்பது சுமார் 2.47 சென்ட். நல்ல நோக்கம், மிகப் பெரிய வேலை. ஆனால் அந்த வேலை நடந்துகொண்டிருந்த போதே, 1980-ல், பரம்பரைக் கர்ணம், மணியக்காரர் பதவிகள் ஒழிக்கப்பட்டன. அதுவும் தேவையான சீர்திருத்தம்தான்; பரம்பரை உரிமை என்று ஒரு குடும்பமே ஊர்க் கணக்கை வைத்துக்கொண்டிருப்பது நியாயமில்லை. ஆனால் ஊரிலுள்ள ஒவ்வொரு வரப்பையும் மனசிலே வைத்திருந்த ஆள் வெளியேறிய அதே சமயத்தில் பதிவேடு புதிதாக எழுதப்பட்டது. அப்படி எழுதும்போது பலர் ஊரில் இல்லை. பிழைப்புக்கு நெய்வேலிக்குப் போனவர், பம்பாய்க்குப் போனவர், அப்பா பெயரிலேயே பட்டாவை விட்டுவைத்தவர். அவர்கள் விஷயத்தில் விழுந்த பிழைகள் இன்றுவரை என் மேஜைக்கு வருகின்றன.

ஒரு கட்சிக்காரர் கதையைச் சொல்கிறேன். ஊர் பெயர், ஆள் பெயர் வேண்டாம். மணிமுத்தாற்றங்கரைக் கிராமம் என்று மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். ஆழ்துளைக் கிணறு போட வங்கிக் கடன் கேட்டுப் போனவருக்கு, தம் பட்டாவில் 7 சென்ட் குறைந்திருப்பது அங்கே போன பிறகுதான் தெரிந்தது. பக்கத்து நிலக்காரர் மனுக் கொடுத்து, சில வருஷங்களுக்கு முன்பே உட்பிரிவு ஆகிவிட்டது. உத்தரவில் "இரு தரப்பினரும் விசாரிக்கப்பட்டனர்" என்று ஒரு வரி. இவருக்கோ ஒன்றும் தெரியாது. 2005-ஆம் ஆண்டு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய்க் கட்டணம் கட்டிக் கோப்பின் நகலைக் கேட்டோம். கோப்பில் எதிர்த் தரப்பின் மனு இருந்தது, அளவீட்டுப் படம் இருந்தது. இவருக்கு நோட்டீஸ் சார்பு செய்ததற்கு ஒரு துண்டுச் சீட்டுக்கூட இல்லை.

கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்தோம். நோட்டீஸ் இல்லாமல் போட்ட உத்தரவு செல்லாது என்று ரத்தாகி, இரு தரப்பையும் வைத்து மறுபடி அளந்து முடிவெடுக்கச் சொல்லி மேட்டர் திரும்பி வந்தது. சங்கிலி பிடித்த அன்று இருவரும் நின்றார்கள். பக்கத்து நிலக்காரர் அப்போதுதான் ஒரு பழைய பதிவுப் பத்திரத்தை எடுத்துக் காட்டினார். என் கட்சிக்காரரின் தகப்பனாரே அந்தப் பக்கத்தில் 4 சென்டை அவருக்கு விற்றிருந்தார். மகனுக்கு அது தெரியாது. மீதி 3 சென்ட்? முன்பு அளந்தபோது ஒரே தரப்பு மட்டும் நின்று காட்டிய வரப்பில் அளந்ததால் சேர்ந்து போனது. ஆக, 7-ல் 4 அவருக்கு, 3 இவருக்கு.

"தோத்துட்டோம்னு நெனைக்கிறீங்களா?" என்று கேட்டேன். அவர் சொன்னது இது: "நாலு சென்டு போனது போனதுதான் அய்யா. ஆனா நான் நின்னு பாக்கப் போச்சு. எங்கப்பா வித்தத நான் இல்லேன்னு சொல்லுவேனா? என்னக் கேக்காம எடுத்தாங்க பாருங்க, அதான் அத்தன வருஷமும் தூங்க விடல."

நண்பர்களே, விசாரணை என்பதன் பொருளை எனக்கு இதைவிடத் தெளிவாக எந்தச் சட்டப் புத்தகமும் சொல்லவில்லை. நியாயமான விசாரணை நம்மை ஜெயிக்க வைப்பதற்கான ஏற்பாடு அல்ல. உண்மை வெளியே வருவதற்கும், தோற்றவன் அந்த முடிவோடு வாழ்வதற்குமான ஏற்பாடு. அன்று இரு தரப்பும் நின்றிருந்தால், அந்த 4-ம் 3-ம் முதல் நாளே பிரிந்திருக்கும்.

சட்டம் இதைத் தெளிவாகத்தான் சொல்கிறது. 1923-ஆம் ஆண்டு நில அளவை மற்றும் எல்லைகள் சட்டம் நூறாண்டு கடந்தும் நடைமுறையில் இருக்கிறது. அளவை தொடங்குமுன் அறிவிப்பு வெளியிடவேண்டும். அக்கறை உள்ளவர்கள் நேரிலோ ஆள் மூலமோ வரலாம். எல்லையில் தகராறு இருந்தால், அளவை அதிகாரி காரணங்களை எழுதி வைத்து முடிவு சொல்லவேண்டும். அதன் மேல் மேல்முறையீடு உண்டு. அளவை முடிந்ததாக அறிவிக்கை வெளியான பிறகு அந்த எல்லைதான் முடிவானது. மாற்ற விரும்பினால் 3 வருஷத்துக்குள் சிவில் நீதிமன்றத்தில் வழக்குப் போடவேண்டும். பட்டா விஷயத்துக்கு 1983-ஆம் ஆண்டு பட்டா பாஸ் புத்தகச் சட்டம். அதில் தாசில்தார் மாறுதல் செய்யுமுன் சம்பந்தப்பட்டவர்களுக்கு வாய்ப்புத் தரவேண்டும். அவர் உத்தரவின் மேல் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, அதன் மேல் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு.

இதற்கெல்லாம் மேலே அரசியல் சட்டம் இருக்கிறது. 1978-ல் மேனகா காந்தி வழக்கில், சட்டம் ஒரு நடைமுறையைச் சொல்லிவிட்டால் மட்டும் போதாது, அந்த நடைமுறை நியாயமாகவும் இருக்கவேண்டும் என்றது உச்ச நீதிமன்றம். அது பாஸ்போர்ட் பற்றிய வழக்கு. ஆனால் அதன் வெளிச்சம் எல்லா அலுவலக மேஜைகளிலும் விழுந்தது. சொத்துரிமை 1978-ஆம் ஆண்டின் 44-வது திருத்தத்தால் அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்து எடுக்கப்பட்டு, 300-ஏ பிரிவில் வைக்கப்பட்டது. "அப்போ அதுக்கு மதிப்பு போயிடுச்சா?" என்று கேட்பவர்களுக்கு, 2024 மே மாதம் கொல்கத்தா மாநகராட்சி வழக்கில் உச்ச நீதிமன்றம் பதில் சொன்னது. அரசு ஒருவரின் நிலத்தை எடுக்கும்போது அவருக்குள்ள உரிமைகளை ஏழாகப் பிரித்து எண்ணியது. முதல் மூன்றும் என்ன தெரியுமா? முன்கூட்டித் தெரிவிக்கப்படும் உரிமை, சொல்வதைக் கேட்கப்படும் உரிமை, காரணத்தோடு கூடிய உத்தரவு பெறும் உரிமை. இழப்பீடு அதற்குப் பிறகுதான் வருகிறது.

இதை நாம் யோசிக்கவேண்டிய காரணம் ஒன்று உண்டு. நம் சாமான்களுக்கு நெய்வேலியிலிருந்து வந்த வெள்ளைக் களிமண், பழுப்பு நிலக்கரிக்கு மேலே கிடந்த மண். 1956-ல் அந்த நிறுவனம் தொடங்கியது முதல், ஊர் ஊராகத் தம் வரப்புகளைக் கைவிட்டுப் போனவர்களுடைய நிலம் அது. நம் கையில் ஒட்டிய மண்ணுக்கும் ஒரு காலத்தில் நான்கெல்லை இருந்தது.

"இப்படி ஒவ்வொருத்தரையும் கேட்டுக்கிட்டே இருந்தா வேலை நடக்குமா சார்?" என்று வருவாய்த் துறையில் இருக்கும் நம் நண்பர் ஒருவர் என்னிடம் வாதாடுவார். அவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது. மனுக்கள் மலையாய்க் குவிகின்றன, சர்வேயர்கள் சிலரே. வாய்தா வாங்கியே எதிராளியைக் களைக்க வைப்பவர்களும் உண்டு. கேட்கப்படும் உரிமை என்பது இழுத்தடிக்கும் உரிமை அல்ல. ஒருமுறை தேதி கொடுத்தும் வராதவர், பிறகு என்னைக் கேட்கவில்லை என்று சொல்லக் கூடாது. ஆனால் ஒரு நோட்டீஸ் கொடுக்கச் சில நாள் போதும். அது இல்லாத உத்தரவைத் திருத்த ஒரு தலைமுறை போய்விடுகிறது. எது சிக்கனம் என்று நீங்களே சொல்லுங்கள்.

இனி, வீட்டுக்குப் போய்ச் செய்யவேண்டியதைச் சொல்கிறேன். சுந்தரர் நம் திருமுதுகுன்றத்தில் பெற்ற பன்னீராயிரம் பொன்னை மணிமுத்தாற்றில் போட்டுத் திருவாரூர்க் குளத்தில் எடுத்தார் என்பது தலபுராணம். 'ஆத்துல போட்டுட்டுக் குளத்துல தேடறது' என்ற பழமொழி அதிலிருந்து வந்தது. அவருக்குக் கிடைத்தது. நமக்குக் கிடைக்காது. ஆகவே போட்ட இடத்திலேயே தேடுங்கள்.

ஒன்று: தகராறு வருமுன் பாருங்கள். பட்டா, சிட்டா, அ-பதிவேடு, புலப்படம், வில்லங்கச் சான்று, பத்திரம் எல்லாவற்றையும் ஒரே மேஜையில் வையுங்கள். பத்திரத்தில் நான்கெல்லையும் பரப்பும் ஒத்துப்போகவில்லை என்றால், பொதுவாக நான்கெல்லைக்கே நீதிமன்றங்கள் முதலிடம் தரும். பழைய படங்களில் அளவு லிங்க்ஸில் இருக்கும். 100 லிங்க்ஸ் ஒரு சங்கிலி, அதாவது 66 அடி. மீட்டரோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்.

இரண்டு: தாத்தா பெயரில் பட்டா இருந்தால் நோட்டீஸ் தாத்தாவுக்குத்தான் போகும். அவர் வந்து பதில் சொல்ல மாட்டார். சென்னையிலும் துபாயிலும் இருக்கிற நண்பர்கள் இதை முக்கியமாகக் கவனிக்கவேண்டும். பெயரை மாற்றுங்கள், ஊரில் ஒரு பொறுப்பான ஆளை வையுங்கள்.

மூன்று: அத்துக் காட்டச் சொல்லித் தாலுகா அலுவலகத்தில் மனுச் செய்யலாம், இப்போது இணையவழியிலும் செய்யலாம். அளக்கும் நாளில் நேரில் நில்லுங்கள். எந்தக் கல்லிலிருந்து அளவு தொடங்குகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். ஆட்சேபணை இருந்தால் எழுத்தில் கொடுத்து, தேதியோடு ஒப்புதல் வாங்குங்கள். வாயால் போட்ட சத்தம் கோப்பில் ஏறாது.

நான்கு: கல்லைத் தொடாதீர்கள். அரசு நட்ட எல்லைக் கல்லைப் பிடுங்குவதும் நகர்த்துவதும் குற்றம். நியாயம் உங்கள் பக்கமே இருந்தாலும், கல்லை நகர்த்திய அன்றே நீங்கள் எதிரி ஆகிவிடுவீர்கள்.

ஐந்து: பட்டா கையில் இருப்பதாலேயே நிலம் உங்களுடையது என்று ஆகிவிடாது. வருவாய்ப் பதிவு உரிமை மூலம் ஆகாது என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது. உரிமையைத் தீர்மானிப்பது சிவில் நீதிமன்றம். அங்கே போனால் வழக்கறிஞர் ஆணையரைப் போட்டு, சர்வேயர் துணையோடு அளக்கச் சொல்லிக் கேளுங்கள். எல்லைத் தகராறில் அதுவே சரியான வழி என்று 2008-ல் ஹரியானா வக்ஃபு வாரிய வழக்கிலும் சொல்லப்பட்டது. ஆணையர் அறிக்கைக்கும் நீங்கள் ஆட்சேபணை கொடுக்கலாம்.

ஆறு: வசதியில்லை என்று விட்டுவிடாதீர்கள். 1987-ஆம் ஆண்டுச் சட்டப்படி பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்களுக்கும், ஏழைகளுக்கும் இலவச சட்ட உதவி உண்டு. லோக் அதாலத்தில் பேசித் தீர்த்துக்கொண்டால் கட்டிய கோர்ட்டுக் கட்டணம் திரும்ப வரும். அந்த முடிவுக்கு மேல் அப்பீல் கிடையாது. அண்ணன் தம்பி வரப்புக்கு அதைவிட நல்ல இடம் இல்லை.

மாணவச் செல்வங்களுக்குக் கடைசியாக ஒன்று. உங்களில் சிலர் தேர்வு எழுதிக் கிராம நிர்வாக அலுவலராகவோ தாலுகா அலுவலகத்துக்கோ போவீர்கள். மேஜையின் அந்தப் பக்கம் உட்காருவீர்கள். உங்களுக்கு அது நாளுக்கு நாற்பது மனுவில் ஒன்று. எதிரில் நிற்பவருக்கு அந்த மூன்று சென்டுதான் முழு ஆஸ்தி. "விசாரிக்கப்பட்டனர்" என்று எழுதுமுன் விசாரித்துவிடுங்கள். இன்னும் சிலர் சொந்தமாக யூனிட் நடத்துவீர்கள். சூளையில் ஒரு சாமான் வெடித்தால் நாம் உடனே நெருப்புப் போடுபவர் கூலியைப் பிடிப்பதா? மண் கலவையா, சரியாகக் காயவில்லையா, சூடு அவசரமா என்று பார்க்கத்தானே நமக்கு இங்கே கற்றுக் கொடுத்தார்கள்? மனிதர் விஷயத்தில் மட்டும் அந்தப் பாடத்தை மறக்கவேண்டாம். கேட்டுவிட்டுத் தண்டியுங்கள்; கேட்ட பிறகு பல சமயம் தண்டிக்கத் தோன்றாது.

சங்கத்துக்கும் ஒரு வேண்டுகோள். நம்மில் வக்கீல்கள் இருக்கிறோம், ஓய்வு பெற்ற வருவாய்த் துறையினர் இருக்கிறார்கள், நில அளவை தெரிந்தவர்கள் இருக்கிறார்கள். மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை ஒரு மேஜை போட்டு உட்காரலாம். பத்திரத்தை எடுத்துக்கொண்டு வருகிறவருக்கு அதில் என்ன எழுதியிருக்கிறது, எந்தத் தேதிக்குள் எங்கே போகவேண்டும் என்று சொல்லி அனுப்பினால் போதும். முதல் ஞாயிற்றுக்கிழமைக்கு நான் வருகிறேன். இரண்டாவது மாதத்துக்கு யார் என்பதை இங்கேயே, மதியச் சாப்பாட்டுக்கு முன் முடிவு செய்துவிடுவோம்.